தோற்ற சீசனுக்குப் பிறகு: ராமநாதபுரம் கடலோரக் கல்லூரிக் கால்பந்து அணிகள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

வடக்கே தொண்டி, தேவிபட்டினம். கிழக்கே மண்டபம், பாம்பன், தங்கச்சிமடம். தெற்கே பெரியபட்டினம், கீழக்கரை, ஏர்வாடி, சாயல்குடி. இந்தப் பக்கத்துக் கல்லூரி அணிகளில் ஆடுகிறவர்கள் பெரும்பாலும் இந்த ஊர்ப் பையன்கள்தான். சீசன் கையைவிட்டுப் போனதும் ஆண்டுதோறும் அதே சந்தேகங்கள் திரும்பி வருகின்றன. கேள்விகளை அவர்கள் கேட்ட வார்த்தைகளிலேயே வைத்திருக்கிறோம்.

சீசன் முழுக்கத் தோத்துட்டோம் சார். எதுல இருந்து ஆரம்பிக்கிறது?

ஒரு நாற்பது பக்க நோட்டிலிருந்து. வாங்கிய ஒவ்வொரு கோலுக்கும் ஒரு வரி. எத்தனையாவது நிமிடம், அப்போது ஸ்கோர் என்ன, பந்தை எந்த இடத்தில் விட்டோம், கோல் எந்த வழியாக வந்தது (ஓடும் ஆட்டமா, கார்னரா, ஃப்ரீ கிக்கா, பெனால்டியா, தலைக்கு மேல் போன நீளப் பந்தா), எந்த இடத்து ஆட்டக்காரர் அங்கே இல்லை, காற்று எந்தப் பக்கம். ஆட்டம் முடிந்த இரண்டு நாளுக்குள் எழுத வேண்டும். கேப்டன், கோலி, வெளியே உட்கார்ந்திருந்த ஒருவர் என மூன்று பேரைத் தனித்தனியாகக் கேட்டு எழுதினால் நினைவுப் பிழை குறையும். யாருடைய போனிலாவது வீடியோ இருந்தால் இன்னும் நல்லது. பெயரை எழுதாதீர்கள். 'லெஃப்ட் பேக்' என்று எழுதினால் போதும். பெயர் ஏறிவிட்டால் அடுத்த முறை யாரும் உண்மையைச் சொல்ல மாட்டார்கள்.

பன்னிரண்டு, பதினைந்து கோல் சேர்ந்ததும் வடிவம் தெரிந்துவிடும். பதினான்கில் ஆறு கோல் 70 நிமிடத்துக்குப் பிறகு வந்திருந்தால் குறை மூச்சில். ஐந்து கார்னரில் வந்திருந்தால் ஆளைப் பிடிப்பதில். தலைக்கு மேல் போன பந்துகளாக இருந்தால் டிஃபென்ஸ் கோட்டில். ஒவ்வொன்றுக்கும் மருந்து வேறு. மொத்தமாக 'டீம் சரியில்லை' என்று முடித்துவிட்டால் எதற்கு மருந்து போடுவது? இந்தப் பக்கத்தின் மற்ற பதில்கள் பலவும் இந்த நோட்டைக் கையில் வைத்துக்கொண்டு படிக்க வேண்டியவை.

ஒரே மேட்ச். தோத்து பஸ் ஏறிட்டோம். அதுக்குப் போயி சீசன்னு பேரா?

இம்மாவட்டத்துக் கலை, அறிவியல் கல்லூரிகள் காரைக்குடி அழகப்பா பல்கலைக்கழகத்தோடு இணைந்தவை. சிவகங்கை மாவட்டத்துக் கல்லூரிகளும் அதே குடையின் கீழ் வருகின்றன. கல்லூரிகளுக்கு இடையிலான போட்டிகள் பெரும்பாலும் நாக் அவுட்டில் தொடங்கும். பல இடங்களில் கடைசி நான்கு அணிகளுக்கு மட்டும் லீக் வைப்பார்கள். ஆகவே ஓர் ஆண்டுப் பயிற்சி 90 நிமிடத்தில் முடிந்துபோவது சகஜம்.

அதற்குள்ள ஒரே வழி, போட்டிக்கு முந்தைய எட்டு வாரத்தில் ஆறு நட்பு ஆட்டமாவது முழு 90 நிமிடம் ஆடுவது. பக்கத்துக் கல்லூரி கிடைக்காவிட்டால் ஊர் கிளப்போடு ஆடுங்கள். அந்த ஆட்டங்களின் கோல்களும் நோட்டில் ஏற வேண்டும். முதல் சுற்றிலேயே வெளியேறிய அணிக்கு நட்பு ஆட்டக் கணக்கு இல்லையென்றால் படிக்கப் பாடமே இல்லை.

நாங்க மணல்ல ஓடி வளந்தவங்க. அப்புறம் ஏன் எழுபது நிமிஷத்துக்கு மேல கால் வர மாட்டேங்குது?

மணலில் ஓடுவது கடினம்தான். கெட்டித் தரையில் ஓடுவதைவிட ஏறக்குறைய 1.6 மடங்கு சக்தி செலவாகும் என்று அளந்திருக்கிறார்கள். ஆனால் மணல் காலின் உதையை விழுங்கிவிடும். அதில் ஓடிப் பழகிய கால் தரையில் அதிக நேரம் நிற்கப் பழகிவிடுகிறது. கெட்டிச் செம்மண் மைதானத்திலோ சட்டென்று கிளம்பி, சட்டென்று நின்று, திரும்பி மறுபடி கிளம்ப வேண்டும். அந்த வேலையை மணல் கற்றுத்தருவதில்லை. இன்னொன்று, கடற்கரையில் ஓடும்போது எல்லோரும் ஒரே வேகத்தில் நாற்பது நிமிடம் ஓடுகிறார்கள். ஆட்டத்தில் அப்படி ஒரு நிமிடம்கூட ஓடுவதில்லை.

வாரம் இரண்டு நாள் இதைச் செய்யுங்கள். நான்கு நிமிடம் கடும் வேகம், அதாவது பக்கத்தில் ஓடுகிறவனோடு இரண்டு வார்த்தைக்கு மேல் பேச முடியாத வேகம். பிறகு மூன்று நிமிடம் மெதுவோட்டம். இப்படி நான்கு தடவை. இதை மைதானத்தில், பூட் போட்டுச் செய்ய வேண்டும். இன்னொரு நாள் 30 மீட்டர் முழு வேகம் பத்துத் தடவை, ஒவ்வொன்றுக்கும் நடுவில் முப்பது விநாடி. மணலை விட்டுவிட வேண்டாம். வாரம் ஒரு நாள் அலை நனைக்கும் ஈர மணலில் ஓடினால் கணுக்காலுக்கும் நல்லது. உலர்ந்த குழைமணலில் தினம் ஓடினால் குதிகால் நரம்பு வலிக்கத் தொடங்கும்.

முன்னேற்றத்தைப் பார்க்க 12 நிமிட ஓட்டம் வையுங்கள். 400 மீட்டர் தடத்தில் ஆறரைச் சுற்று, அதாவது 2600 மீட்டர் வந்தால் கல்லூரி ஆட்டத்துக்குத் தாங்கும். ஐந்தரைச் சுற்றில் நிற்கிறவர் எவ்வளவு திறமைசாலி என்றாலும் 70 நிமிடத்துக்கு மேல் உங்கள் நோட்டில் ஏறுவார்.

ஏழு பேர் ஆட்டத்துல கப்பு எங்களுக்குத்தான். பதினொண்ணுல மட்டும் ஏன் அடி வாங்குறோம்?

ஊர் எழுவர் போட்டிகள் பலவற்றில் ஆஃப்சைடு (எதிரணியின் கடைசி பேக்கைத் தாண்டி நின்று பந்து வாங்கும் தவறு) கிடையாது. மைதானம் சிறியது, பாதி ஆட்டம் 15 அல்லது 20 நிமிடம். அங்கே பேக் ஆடுகிறவர் தன் ஆளை மட்டும் ஒட்டிக்கொண்டு கோலுக்குப் பக்கத்தில் நிற்பதுதான் சரி. அதே பழக்கத்தோடு பெரிய மைதானத்துக்கு வந்தால், நாலு பேக்கில் ஒருவர் மட்டும் பத்து மீட்டர் பின்னால் நிற்பார். எதிரணி ஃபார்வர்ட் எவனும் ஆஃப்சைடு ஆக மாட்டான். நடுவிலோ ஒரு தெருவே காலியாகக் கிடக்கும்.

நான்கு பேக்குகளையும் எட்டு மீட்டர் நைலான் கயிறு மூன்று எடுத்து, ஒருவருக்கும் அடுத்தவருக்கும் நடுவில் கையில் பிடிக்கச் சொல்லுங்கள். இடுப்பில் கட்ட வேண்டாம், விழுந்தால் அடிபடும். பந்து வலப்பக்கம் போனால் நாலு பேரும் வலப்பக்கம் நகர வேண்டும், கயிறு தொய்யவும் கூடாது, இழுக்கவும் கூடாது. முதலில் நடை, பிறகு மெதுவோட்டம், மூன்றாவது வாரம் கயிறு இல்லாமல். முன்னால் நிற்கும் ஃபார்வர்டுக்கும் கடைசி பேக்குக்கும் இடையில் 35 மீட்டருக்கு மேல் இடைவெளி விடாதீர்கள். ஸ்டாப்பர் பேக்கில், அதாவது நடுவில் நிற்கும் பேக்குகளில், ஒருவர் மட்டுமே 'ஏறு' என்று கத்த வேண்டும். இரண்டு பேர் கத்தினால் ஒருவர் ஏறுவார், ஒருவர் நிற்பார்.

த்ரோ இன், கோல் கிக், கார்னர் மூன்றிலும் பந்தை நேராக வாங்குகிறவருக்கு ஆஃப்சைடு இல்லை. கை தூக்கிக்கொண்டு நின்று கோல் வாங்கிய அணிகள் இதை மறந்தவைதான்.

கச்சான் அடிக்கிற கிரவுண்டுல டாஸ் ஜெயிச்சா என்னத்தக் கேக்கணும்?

2019 முதல் டாஸ் வென்றவர் பக்கத்தையும் எடுக்கலாம், கிக் ஆஃபையும் எடுக்கலாம். கச்சான், அதாவது தென்மேற்குக் காற்று அடிக்கும் காலத்தில் கிக் ஆஃப் ஒன்றுக்கும் உதவாது, பக்கத்தை எடுங்கள். எந்தப் பக்கம் என்பதை மணி தீர்மானிக்கும். காலை எட்டு, ஒன்பது மணி ஆட்டம் என்றால் வெயில் ஏற ஏறக் காற்றும் ஏறும். முதல் பாதியில் காற்றை எதிர்த்து ஆடி, இரண்டாம் பாதிக்கு முழுக் காற்றை வைத்துக்கொள்ளுங்கள். மாலை நான்கு மணி ஆட்டத்தில் பொழுது சாயும்போது காற்று தணியக்கூடும். அங்கே முதல் பாதியிலேயே காற்றை எடுத்துக்கொள்வது நல்லது. மாலையில் மேற்கு பார்த்து நிற்கும் கோலிக்குக் கண் கூசும் என்பதையும் சேர்த்துக் கணக்குப் பாருங்கள்.

காற்றை எதிர்த்து ஆடும்போது பந்து முழங்காலுக்கு மேல் எழும்பக் கூடாது. கோல் கிக்கைத் தூக்கி அடித்தால் பாதி மைதானத்தில் நின்று திரும்பி வரும். இப்போதைய விதிப்படி கோல் கிக்கை பெனால்டி ஏரியாவுக்குள்ளேயே நம் ஆள் வாங்கலாம், அதைப் பழகுங்கள். காற்றோடு ஆடும்போது நடக்கும் தவறு வேறு. எல்லோரும் நீளப் பந்து போடுவார்கள், அத்தனையும் கோல் லைனைத் தாண்டி ஓடும். காற்று பின்னால் இருந்தால் பந்தை ஆளின் காலுக்குப் போட்டு, 20 மீட்டரிலிருந்து ஷாட் அடியுங்கள்.

கார்னர்னாலே எங்களுக்குக் கோல்தான். உயரமான பசங்க இல்ல.

உயரம் குறைவு என்பதைவிட யார் எங்கே நிற்பது என்று தீர்மானிக்காததால் வரும் கோல்களே அதிகம். கோலியைத் தவிர பத்துப் பேரை இப்படி நிறுத்துங்கள். கிட்டத்துக் கம்பத்தில் ஒருவர். சின்னக் கட்டமான 5.5 மீட்டர் கோட்டில் மூன்று பேர். அவர்கள் ஆளைப் பார்க்காமல் பந்தை மட்டும் பார்ப்பவர்கள். எதிரணியில் தலையால் அடிக்கத் தெரிந்த மூன்று பேருக்கு மூன்று பேர். பெனால்டி ஏரியா விளிம்பில் ஒருவர், ஷார்ட் கார்னருக்கு ஒருவர், முன்னால் ஓட ஒருவர்.

விளிம்பில் நிற்பவரை எல்லோரும் மறந்துவிடுகிறார்கள். முதல் தலையடி வெளியே வந்து, அங்கிருந்து இரண்டாவது ஷாட்டாக உள்ளே போவதை உங்கள் நோட்டில் கட்டாயம் பார்ப்பீர்கள். வாரம் இரண்டு முறை பதினைந்து நிமிடம், பயிற்சியின் கடைசியில், களைத்த காலோடு பழகுங்கள்.

கோலியை மாத்திட்டா சரியாயிடுமா?

நோட்டைப் பாருங்கள். கோலிக்கு நேரே தனியாக ஆள் வந்து அடித்த கோல் எத்தனை? அவை கோலியின் கணக்கில் வராது. பெனால்டி ஏரியாவுக்கு வெளியிலிருந்து வந்து விழுந்தவை, கையில் பட்டு நழுவியவை, கார்னரில் வெளியே வந்து பந்தைத் தொடாமல் விட்டவை மட்டும் அவருடையவை. மூன்றில் ஒரு பங்குக்குக் குறைவு என்றால் கோலியை விட்டுவிட்டு பேக்கைச் சரிசெய்யுங்கள்.

கோலி விஷயத்தில் நம் மணல் பெரிய கொடை. டைவ் பயிற்சிக்கு அதைவிட நல்ல மெத்தை கிடையாது. புதிய விதி ஒன்றையும் சொல்லிவையுங்கள். 2025 ஜூலை முதல், கோலி பந்தைக் கையில் எட்டு விநாடிக்கு மேல் வைத்திருந்தால் எதிரணிக்குக் கார்னர். கடைசி ஐந்து விநாடியை ரெஃப்ரி கையைத் தூக்கி எண்ணிக் காட்டுவார்.

பூட் போட்டா கால் கட்டிப்போட்ட மாதிரி இருக்கு அண்ணே. வெறுங்கால்ல ஆடக் கூடாதா?

விதி விடாது. பூட், ஷின் கார்டு, சாக்ஸ், கைவைத்த ஜெர்சி, ஷார்ட்ஸ் ஐந்தும் கட்டாயம். 1948 லண்டன் ஒலிம்பிக்கில் இந்திய வீரர்கள் பலர் வெறுங்காலோடு ஆடி, பிரான்சிடம் 2–1 என்று மட்டுமே தோற்றார்கள். அந்தக் காலம் போய்விட்டது. கால் கட்டிப்போட்டது போல இருப்பதற்குக் காரணம், ஆட்டத்தன்று மட்டும் பூட் போடுவது. பயிற்சியில் குறைந்தது ஆறு வாரம் போட்டால் பந்தின் தொடுகை திரும்பி வந்துவிடும்.

நம் பக்கத்துக் கெட்டித் தரைக்குச் சின்ன ரப்பர் ஸ்டட் நிறைய உள்ள பூட் போதும். நீள ஸ்டட் போட்டால் உள்ளங்கால் எரியும், கணுக்கால் புரளும். ஐப்பசி மழையில் தரை சேறானால்தான் நீள ஸ்டட்.

பந்து ரெண்டு நாளைக்கு ஒருக்கா பஞ்சர் ஆகுது.

சீமைக் கருவேல முள். பயிற்சிக்கு முன் பத்துப் பேர் வரிசையாக நின்று மைதானத்தைப் பெருக்குவது போல் நடந்து முள் பொறுக்குங்கள், பத்து நிமிட வேலை. ஊசியைத் தண்ணீரில் நனைக்காமல் குத்திக் காற்றடித்தாலும் வால்வு கிழியும். ஐந்தாம் எண் பந்துக்கு விதிப்படி காற்று 8.5 முதல் 15.6 பி.எஸ்.ஐ. வரை. கெட்டித் தரையில் ஒன்பது, பத்தில் வைத்தால் துள்ளல் அடங்கும். காலில் முள் ஏறினால் முழுதாக எடுத்து, கழுவி, டெட்டனஸ் ஊசி எப்போது போட்டோம் என்று பாருங்கள்.

தண்ணி குடிச்சும் கெண்டைக்கால் பிடிக்குது. உப்பு குறைச்சலா?

பாதிதான் உப்பு. மீதிப் பாதி, மேலே மூச்சைப் பற்றிச் சொன்ன களைப்பு. பழகாத தசைதான் முதலில் பிடிக்கும்.

ஆட்டத்துக்கு முன்னும் பின்னும் எடை பாருங்கள். ஒரு கிலோ குறைந்தால் அடுத்த சில மணி நேரத்தில் ஒன்றேகால் முதல் ஒன்றரை லிட்டர் வரை குடிக்க வேண்டும். ஆட்டத்துக்கு நான்கு மணி நேரம் முன்பு 300 முதல் 400 மில்லி, நடுவில் வாய்ப்புக் கிடைக்கும்போதெல்லாம் 150 மில்லி. ஒரு லிட்டர் நல்ல தண்ணீரில் ஆறு டீஸ்பூன் சர்க்கரை, அரை டீஸ்பூன் உப்பு, எல்லாம் மட்டமாக. உப்பு போட்ட நீர்மோரும் நல்லது. மைதானத்துக் குழாயில் உவர்நீர் வந்தால் யாரும் போதிய அளவு குடிக்க மாட்டார்கள், ஆளுக்கு இரண்டு லிட்டர் கையோடு கொண்டுபோங்கள். கடும் வெயில் என்றால் கூலிங் பிரேக் உண்டா என்று ஆட்டத்துக்கு முன்பே ரெஃப்ரியிடம் கேட்டுவிடுங்கள்.

சாப்பாடு மூன்று மணி நேரம் முன்பு. இட்லி, வாழைப்பழம் போதும். பரோட்டாவும் பிரியாணியும் ஆட்டம் முடிந்து.

நோன்பு மாசத்துல பிராக்டிஸை நிறுத்திடலாமா?

நிறுத்தினால் நாலு வாரத்தில் சேர்த்த மூச்சு கணிசமாகக் கரையும். நேரத்தை மட்டும் மாற்றுங்கள். நோன்பு திறப்பதற்கு முந்தைய அரை மணியில் பந்தோடு மெதுவான வேலை, கயிற்றுப் பயிற்சி, கார்னர் இடங்கள். கடும் ஓட்டம் தராவீஹ் இரவுத் தொழுகை முடிந்த பிறகு நாற்பது நிமிடம், வாரம் இரண்டு நாள். நோன்பு வைக்காத பையன்களும் அதே நேரத்துக்கு வர வேண்டும். இரண்டு கூட்டமாகப் பிரிந்து பயிற்சி செய்த அணிக்கு டிஃபென்ஸ் கோடு சேராது.

வீட்டுக் கஷ்டத்துக்குக் கடலுக்குப் போற பையன் பிராக்டிஸுக்கு வர்றதில்ல. டீம்ல வைக்கிறது நியாயமா?

வைக்க வேண்டும், ஆனால் கணக்கோடு. அவன் வரக்கூடிய நாட்களைக் கேட்டு, கார்னர், டிஃபென்ஸ் கோடு பயிற்சிகளை அந்த நாட்களில் வையுங்கள். ஓட்டத்தை அவன் தனியாகச் செய்யட்டும். மாதம் ஒருமுறை 12 நிமிட ஓட்டத்தில் எல்லோருக்கும் உள்ள அளவே அவனுக்கும். அதில் வந்துவிட்டால் 'பிராக்டிஸுக்கு வராதவன்' என்று யாரும் சொல்ல முடியாது.

ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகுகளுக்குத் தடைக்காலம். கல்லூரி விடுமுறையும் அதில்தான் வருகிறது. கடலோர அணிக்கு இதைவிட நல்ல பயிற்சிக்காலம் அமையாது. இதை வீணாக்கிவிட்டு ஆடி மாதம் ஆளைத் தேடுவதுதான் பல சீசன்களின் முதல் தோல்வி. நாட்டுப்படகு வீட்டுப் பையன்களுக்குத் தடைக்காலம் இல்லை, அவர்களுக்கு மாலை நேரம்.

கணுக்கால் பிசகிடுச்சு. நீவிவிட்டு அடுத்த மேட்ச் ஆடலாமா?

முதல் இரண்டு நாள் நீவக் கூடாது, உள்ளே கசியும் ரத்தம் கூடும். ஐஸைச் சுத்தமான பையில் போட்டுத் துணி சுற்றி, 15 முதல் 20 நிமிடம், இரண்டு மூன்று மணிக்கொரு முறை. கட்டுப் போட்டுக் காலை உயர்த்தி வையுங்கள். நாலு எட்டு நடக்க முடியவில்லை என்றாலோ, கணு எலும்பை அழுத்தினால் உயிர் போகிறது என்றாலோ எக்ஸ்ரே எடுக்காமல் விடாதீர்கள். அந்த ஒற்றைக் காலில் பத்து முறை வலியில்லாமல் குதிக்க முடிந்த பிறகே ஆட்டம்.

தலையில் அடிபட்டு ஒரு நொடி மயங்கினாலும், வாந்தி வந்தாலும், ஸ்கோர் என்னவென்று தெரியாமல் விழித்தாலும் அன்று திரும்ப இறக்கவே கூடாது. மருத்துவமனைக்குத்தான் போக வேண்டும்.

டை பிரேக்கர்ல தோத்தது அதிர்ஷ்டம்தானே சார்?

இல்லை. 11 மீட்டரிலிருந்து அடிக்கும் பெனால்டியில் நான்கில் மூன்று கோலாகும் என்பது பொதுக்கணக்கு. ஐந்தில் இரண்டு மட்டும் போட்ட அணி பழகவில்லை என்றே பொருள். மேலே சொன்ன 1948 ஆட்டத்திலும் இந்தியாவுக்கு இரண்டு பெனால்டி கிடைத்தது, இரண்டும் வீணாயிற்று.

ஒவ்வொரு பயிற்சியும் முடியும்போது, நடுவட்டத்திலிருந்து தனியாக நடந்து வந்து ஆளுக்கு ஒன்றே ஒன்று அடிக்க வேண்டும், கணக்கு நோட்டில். இரண்டு மாதத்தில் ஐந்து பேர் யார் என்று நோட்டே சொல்லும். ஆட்டம் முடியும்போது களத்தில் இருப்பவர்தான் அடிக்க முடியும் என்பதால், நன்றாக அடிப்பவரை 85ஆம் நிமிடத்தில் வெளியே எடுத்துவிடாதீர்கள்.

எட்டு கோல் வாங்கிட்டோம். ஊருக்குள்ள தலைகாட்ட முடியல.

2001 ஏப்ரல் 11 அன்று உலகக் கோப்பைத் தகுதிச் சுற்றில் அமெரிக்கன் சமோவா ஆஸ்திரேலியாவிடம் 31–0 என்று தோற்றது. கடவுச்சீட்டுச் சிக்கலில் மூத்த வீரர்கள் பலர் வர முடியாமல், பதின்வயதுப் பையன்களை வைத்து ஆடிய ஆட்டம். அன்று கோலில் நின்ற நிக்கி சலாப்பு, 2011 நவம்பரில் டோங்காவை அவர்கள் 2–1 என்று வென்றபோதும் கோலில் நின்றார்.

எட்டு கோல் வாங்கிய ஆட்டத்தை நோட்டில் எழுதும்போது முதல் மூன்று கோலை மட்டும் விரிவாக எழுதுங்கள். மூன்றுக்குப் பிறகு எல்லோரும் முன்னால் ஏறிவிடுவார்கள், அந்தக் கோல்கள் ஒன்றையும் கற்றுத்தராது.

பத்துப் பேர்தான் வந்தாங்க. வாக் ஓவர் கொடுத்திடலாமா?

கொடுக்க வேண்டாம். ஏழு பேர் இருந்தாலே விதிப்படி ஆட்டம் தொடங்கலாம். பத்துப் பேர் என்றால் கோலி போக நான்கு பேக், நடுவில் நான்கு ஹாஃப், முன்னால் ஒருவர். சிவப்பு அட்டை வாங்கினாலும் இதே அமைப்புதான்.

ஏற்கனவே வெளிய. கடைசி லீக் மேட்ச்ல முழுக்க ஜூனியரை இறக்கலாமா?

முழுக்க வேண்டாம். நான்கு அணி லீக்கில் ஆளுக்கு மூன்று ஆட்டம், வெற்றிக்கு மூன்று புள்ளி, டிராவுக்கு ஒன்று. சமமானால் பெரும்பாலும் கோல் வித்தியாசம் பார்ப்பார்கள். நீங்கள் வாங்கும் ஐந்து கோல் வேறொரு அணியை வெளியே தள்ளக்கூடும். ஸ்டாப்பர் பேக், நடு ஹாஃப், கோலி என்ற முதுகெலும்பில் மூத்தவர்களை வைத்து, விங்கிலும் முன்னாலும் நாலு ஜூனியரை இறக்குங்கள். அவர்களுக்கும் தாங்கும் ஆட்டமாக இருக்கும்.

ஃபைனல் இயர் பசங்க ஏழு பேர் போறாங்க. அடுத்த வருஷமும் இப்படித்தானா? கேப்டனையாவது மாத்திப் பாக்கலாமா?

கேப்டன் போகிறவர் என்றால் மாறித்தான் ஆக வேண்டும். இருக்கிறவர் என்றால், தோல்வியை மட்டும் காரணமாக வைத்து மாற்றாதீர்கள். நோட்டை ஒழுங்காக எழுத வைத்தவரா, வராதவனைத் தேடி வீட்டுக்குப் போனவரா என்று பாருங்கள். கோல் அடிக்கிறவர் கேப்டனாக இருக்க வேண்டும் என்று எந்த விதியும் இல்லை.

போகிறவர்கள் போவதற்கு முன் ஒரு மாலை உட்கார்ந்து, அவரவர் இடத்துக்கு வரும் ஜூனியரிடம் நோட்டின் வரிகளைப் படித்துக் காட்டட்டும். கடைசி ஆட்டத்துக்குப் பிறகு பத்து நாள் முழு ஓய்வு. செமஸ்டர் தேர்வு முடியும்வரை வாரம் ஒரு நாள் பந்து போதும். ஏப்ரல் 16 காலை ஆறு மணிக்கு முதல் 12 நிமிட ஓட்டம் என்று இப்போதே ஹாஸ்டல் பலகையில் எழுதிவிடுங்கள். முள் பொறுக்க வேண்டும், அதனால் பத்து நிமிடம் முன்னால் வரச் சொல்லுங்கள்.